ஆறு அகன்ற இடத்தில் ஒரு பாலம்: ஹட்சன் ஆற்றின் டாப்பன் ஸீ சுங்கப் பாலம் – ஒரு நிகழ்வு ஆய்வு

பாலம் போட இடம் பார்க்கிறவர்கள் முதலில் தேடுவது ஆறு ஒடுங்கி ஓடும் இடத்தை. அடுத்துத் தேடுவது அடித்தளத்துக்கான பாறை அதிக ஆழமில்லாமல் கிடைக்கும் இடத்தை. நியூயார்க் நகருக்கு வடக்கே ஹட்சன் ஆற்றின் மீது 1955 டிசம்பர் 15 அன்று திறக்கப்பட்ட டாப்பன் ஸீ பாலத்துக்கு இந்த இரண்டுமே அமையவில்லை. அது நின்ற இடத்தில் ஆற்றின் அகலம் ஏறத்தாழ 3 மைல். தெற்கே சில மைல் தள்ளிப் போனாலே ஆறு 1 மைல் அளவுக்குச் சுருங்கிவிடுகிறது. ஆற்றடியில் இருப்பதோ பனியுகத்துக்குப் பின் பல்லாயிரம் ஆண்டுகளாகப் படிந்த வண்டலும் களிமண்ணும். பாறையைத் தொட வேண்டுமானால் நடு ஆற்றில் பல நூறு அடி இறங்க வேண்டும். டாப்பன் என்பது அந்தக் கரையில் வாழ்ந்த பூர்வகுடி மக்களின் பெயர். ஸீ என்பது டச்சு மொழியில் கடல். குடியேறிய டச்சுக்காரர்கள் ஆற்றின் இந்தப் பகுதியைக் கடல் என்றே அழைத்தார்கள்.

கடல் என்று பெயர் வாங்கிய இடத்தில் ஏன் பாலத்தைப் போட்டார்கள் என்ற கேள்விக்குப் பொறியியல் நூல்களில் மட்டும் தேடினால் விடை கிடைக்காது. வண்டி ஒன்றுக்கு 50 சென்ட் வீதம் வசூலாகப்போகும் சுங்கப் பணம் எந்த நிறுவனத்தின் கணக்கில் சேர வேண்டும் என்பதே இடத்தைத் தீர்மானித்தது. இடம் அடித்தளத்தைத் தீர்மானித்தது. அடித்தளமும் செலவுச் சிக்கனமும் சேர்ந்து பாலத்தின் ஆயுளைத் தீர்மானித்தன. அந்த வரிசையைப் படிப்படியாகக் காட்டுவதே இக்கட்டுரையின் நோக்கம்.

கோட்டுக்கு வடக்கே

இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு நியூயார்க் ஆளுநர் தாமஸ் டூயி முனைந்து எடுத்த பெரும் பணி, நியூயார்க் நகரையும் ஆல்பனி, சிராக்யூஸ், பஃபலோ போன்ற மாநிலத்தின் மற்ற நகரங்களையும் இணைக்கும் த்ரூவே நெடுஞ்சாலை. வரிப்பணத்தில் போட்டு முடிக்கக் கூடிய சாலையாக அது இருக்கவில்லை. ஆகவே 1950இல் த்ரூவே ஆணையம் என்ற தனி அமைப்பு உருவாக்கப்பட்டது. அது கடன் பத்திரங்களை வெளியிட்டுப் பணம் திரட்டும், சாலையைக் கட்டும், பயணிகளிடம் சுங்கம் வாங்கிக் கடனை அடைக்கும். 1951இல் மாநிலத்து வாக்காளர்கள் ஓர் அரசியலமைப்புத் திருத்தத்தை ஏற்று, 50 கோடி டாலர் வரையிலான பத்திரங்களுக்கு மாநிலமே பொறுப்பு நிற்க ஒப்புக்கொண்டார்கள்.

இப்படிப்பட்ட சாலையில் எல்லா மைல்களும் ஒரே அளவு சம்பாதிப்பதில்லை. மாநிலத்தின் வடக்கிலும் மேற்கிலும் வயல்களுக்கு நடுவே நீளும் பகுதிகளில் வண்டி குறைவு, வசூலும் குறைவு. நியூயார்க் நகரை ஒட்டிய பகுதியோ பணம் கொழிக்கும் பகுதி. அதிலும் ஆற்றைக் கடக்கும் பாலம் என்றால் வண்டிகளுக்கு அதைத் தவிர்க்க வழி கிடையாது. வடக்கே பேர் மவுண்டன் என்ற இடத்தில் 1924 முதலே ஒரு சுங்கப் பாலம் இருந்தது. தெற்கே 1931 முதல் ஜார்ஜ் வாஷிங்டன் பாலம் இருந்தது. இரண்டுக்கும் நடுவே, மேற்குக் கரையின் நயாக்குக்கும் கிழக்குக் கரையின் டாரிடவுனுக்கும் இடையே படகு ஓடிய நீளமான கரையில் பாலம் எதுவும் இல்லை. அங்கே ஒரு பாலம் வந்தால் அது த்ரூவேயின் மற்றப் பகுதிகளையும் சேர்த்துத் தாங்கும் வருமானம் தரும் என்பது டூயிக்கும் ஆணையத்துக்கும் தெளிவாகத் தெரிந்திருந்தது.

இடையூறாக நின்றது நியூயார்க் துறைமுக ஆணையம். நியூயார்க், நியூ ஜெர்சி ஆகிய இரு மாநிலங்களும் சேர்ந்து 1921இல் அமைத்த அந்த நிறுவனத்தின் எல்லை, சுதந்திர தேவி சிலையை நடுவாகக் கொண்டு ஏறத்தாழ 25 மைல் ஆரத்தில் விரிந்திருந்தது. அந்த எல்லைக்குள் வேறு எந்த அமைப்பும் ஆற்றைக் கடக்கும் வழி கட்ட விடமாட்டோம் என்று அது தன் கடன் பத்திரங்களை வாங்கியவர்களுக்கு உறுதி அளித்திருந்தது. பத்திரக்காரர்களுக்குக் கொடுத்த வாக்கு சட்டப்படி செல்லுபடியாகும். ஆளுநர் விரும்புகிறார் என்பதற்காக அதை மீற முடியாது. ஆறு ஒடுங்கும் இடம் அந்த எல்லைக்குள் இருந்தது. அங்கே பாலம் கட்டினால் அது துறைமுக ஆணையத்தின் பாலமாக இருந்திருக்கும், சுங்கமும் அதற்கே போயிருக்கும். எல்லைக்கோடு மேற்குக் கரையில் நயாக்குக்கு ஒரு மைல் தெற்கே தொடங்கி, ஆற்றைத் தாண்டி டாரிடவுன் பக்கம் போனது. டாப்பன் ஸீ பாலம் அந்தக் கோட்டுக்குச் சற்றே வடக்கே எழும்பியது.

பழியை முழுவதும் சுங்கத்தின் மேல் போடுவதும் நியாயமாகாது என்பது என் கருத்து. வரைபடத்தை எடுத்துப் பார்த்தால், மேற்குக் கரை முழுவதும் நியூயார்க் மாநிலத்துக்குச் சொந்தமில்லை என்பது புலப்படும். பியர்மான்ட் ஊருக்குச் சற்றுத் தெற்கே நியூ ஜெர்சி தொடங்கிவிடுகிறது. அங்கே பாலிசேட்ஸ் என்னும் செங்குத்தான பாறைச் சுவரும், 1900இல் தொடங்கி அதைக் காத்துவரும் இரு மாநிலப் பூங்காவும் இருக்கின்றன. ஆக, நியூயார்க் மாநிலம் மற்றவரைக் கேட்காமல் பாலம் போடக்கூடிய கரை சில மைல் நீளமே. அந்தச் சில மைலின் தெற்கு முனையான பியர்மான்டில் பாலம் கட்டலாம் என்று 1930களிலேயே ஒரு முயற்சி நடந்து, அடியில் பாறை இல்லை என்று பொறியாளர் குழு கைவிரித்ததும் உண்டு. ஆனாலும், எட்டிய தூரத்தில் இருந்த இடங்களுக்குள் மிக அகன்ற பகுதிக்குப் பாலம் தள்ளப்பட்டதற்கு, துறைமுக ஆணையத்தின் கோட்டைத் தவிர வேறு வலுவான காரணத்தை என்னால் காண முடியவில்லை. கடன் பத்திரத்தில் எழுதிய ஒரு வாக்குறுதி, மூன்று மைல் எஃகையும் கான்கிரீட்டையும் ஆற்றில் இழுத்து நீட்டியது.

சேற்றின் மேல் ஒரு மிதவை

கட்டுமானம் 1952இல் தொடங்கியது. கொரியப் போர் நடந்துகொண்டிருந்த காலம், எஃகுக்குத் தட்டுப்பாடு. மொத்தச் செலவு 8.1 கோடி டாலருக்குள் அடங்கியது. 50 ஆண்டு ஆயுளுக்கு என்று திட்டமிட்டு, தேவைக்கு மேல் ஒரு கிலோ எஃகும் சேர்க்காமல் வடிவமைக்கப்பட்ட பாலம் அது. கடனைச் சுங்கத்தால் அடைக்க வேண்டிய அமைப்புக்கு இப்படியொரு கணக்கு இயல்பாகவே படும்: பாலம் எவ்வளவு மலிவோ, கடன் அவ்வளவு சிறிது; கடன் எவ்வளவு சிறிதோ, மற்றச் சாலைகளுக்கு மிஞ்சும் வசூல் அவ்வளவு பெரிது.

16,013 அடி நீளமுள்ள அந்தப் பாலத்தைப் படகில் இருந்து பார்த்தவர்களுக்கு அது ஒரே பாலமாகத் தோன்றியிருக்காது. மேற்குக் கரையில் இருந்து ஆற்றின் பாதிக்கு மேல், தண்ணீருக்குச் சற்று மேலே தாழ்வாக, சுமார் 50 அடிக்கு ஒரு கண் (இரு தாங்கிகளுக்கு இடைப்பட்ட பகுதி) வீதம் நூற்றுக்கும் மேற்பட்ட கண்களாக வளைந்து வரும் ஒரு கால்வரிசை. அது மரப் பைல்களின், அதாவது ஆற்றடி மண்ணுக்குள் அடித்து இறக்கிய நீளமான மரங்களின் மேல் நின்றது. மூன்று மைலில் பெரும்பகுதியை மலிவாகக் கடக்க அதுதான் வழி. பிறகு சாலை மெல்ல ஏறும். இரும்புச் சட்டகங்களின் மேல் உயர்ந்து, கிழக்குக் கரையை நெருங்கும்போது, கப்பல் செல்லும் ஆழமான வாய்க்காலின் மேல் இரு பக்கமும் கைபோல நீண்டு நடுவில் சேரும் கான்டிலீவர் வகைப் பெருங்கண்ணாக விரியும். அந்த ஒரு கண் மட்டும் 1,212 அடி. தண்ணீருக்கும் பாலத்துக்கும் இடையே 138 அடி இடைவெளி. ஆல்பனி துறைமுகத்துக்குப் போகும் கப்பல்களுக்காக அந்த உயரம் தேவைப்பட்டது.

மரப் பைல்கள் தாழ்ந்த பகுதிக்குப் போதும். பெருங்கண்ணின் சுமையை அவை தாங்கமாட்டா. அந்த இடத்திலோ பாறை மிக ஆழத்தில் இருந்தது. வழக்கமான முறையில் பாறை வரை தூண்களை இறக்கியிருந்தால் செலவு பல மடங்கு ஏறியிருக்கும். விடையைக் கொண்டுவந்தவர் எமில் பிரேகர். போர்க்காலத்தில் அமெரிக்கக் கடற்படையில் பணியாற்றிய பொறியாளர் அவர். 1944இல் நார்மண்டிக் கரையில் நேச நாட்டுப் படைகள் இறங்கியபோது, இங்கிலாந்தில் வார்க்கப்பட்ட பெரிய கான்கிரீட் பெட்டிகளைக் கடலில் மிதக்கவிட்டு இழுத்துச் சென்று, கரையோரம் அமிழ்த்திச் செயற்கைத் துறைமுகம் அமைத்தார்கள். அந்தப் பெட்டிகளின் வடிவமைப்பில் பிரேகருக்குப் பங்கு இருந்தது. போரில் துறைமுகமான பெட்டி, பத்தாண்டு கழித்து ஹட்சனில் பாலத்துக்கு அடித்தளமானது.

நடந்தது இதுதான். பாலத்துக்கு வடக்கே ஹேவர்ஸ்ட்ரா பக்கம் செங்கல் தொழிலுக்காகக் களிமண் தோண்டிய பள்ளங்கள் ஆற்றை ஒட்டி இருந்தன. அந்தப் பள்ளத்தையே உலர் துறையாக்கி, உள்ளே வெற்றிடம் உள்ள, கெய்சன் எனப்படும் பெரிய கான்கிரீட் பெட்டிகளை வார்த்தார்கள். வேலை முடிந்ததும் கரையை வெட்டி ஆற்றுநீரை உள்ளே விட்டார்கள். ஆயிரக்கணக்கான டன் எடையுள்ள பெட்டிகள் மிதந்து எழுந்தன. இழுவைப் படகுகள் அவற்றை ஆற்றின் வழியே தெற்கே இழுத்து வந்தன. குறித்த இடத்தில் அவற்றை ஆற்றடிக்கு இறக்கி, எஃகுப் பைல்களை ஆழத்துக்கு அடித்து, அவற்றோடு பிணைத்தார்கள். இப்படி எட்டுப் பெட்டிகள் பாலத்தின் முக்கியக் கண்களைச் சுமந்தன.

அவை சுமந்த விதம் எளிய கணக்கு, ஆனால் துணிச்சலான கணக்கு. உள்ளே காற்று அடைத்த பெட்டி தன் பருமனுக்குச் சமமான நீரை விலக்குகிறது. விலகிய நீரின் எடை அளவுக்கு அது மேல்நோக்கித் தள்ளப்படுகிறது. நிறைகுடத்தைக் கிணற்று நீருக்குள் இருக்கும்வரை சுலபமாகத் தூக்குகிறோம், நீருக்கு மேலே வந்ததும்தான் அதன் கனம் கையில் தெரிகிறது அல்லவா, அதே விசைதான். பாலத்தின் சொந்த எடையில் பெரும்பகுதியை அந்த மிதப்பு விசை ஏந்திக்கொள்ள, மீதியையும் வண்டிகளின் சுமையையும் பைல்கள் பாறைக்குக் கடத்தின. இதனால் பைல்களின் எண்ணிக்கை பெரிதும் குறைந்தது, செலவும் குறைந்தது. ஆனால் இந்த ஏற்பாட்டில் ஒரு நிபந்தனை ஒளிந்திருக்கிறது: பெட்டி எப்போதும் வெற்றாகவே இருக்க வேண்டும். உள்ளே கசியும் நீரை இறைத்துக்கொண்டே இருக்க வேண்டும், சுவர் விரிசல் விடாமல் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். ஒரு முறை கட்டிவிட்டு மறந்துவிடக்கூடிய அடித்தளம் அல்ல அது. அந்தக் காலச் சூழலில் இத்தனை குறைந்த பணத்தில் இத்தகைய இடத்தில் இப்படியொரு தீர்வைக் கண்டதை நான் உயர்ந்த பொறியியலாகவே மதிக்கிறேன். தவறு வடிவமைப்பாளரிடம் இல்லை. அவருக்குக் கொடுக்கப்பட்ட இடமும் பணமும் அவ்வளவே.

வசூல் போன திசை

திறப்பு விழாவுக்குள் டூயி பதவியில் இருந்து விலகியிருந்தார். பாலத்தைத் திறந்துவைத்தவர் அடுத்த ஆளுநர் ஆவரெல் ஹாரிமன். முதல் பத்தாண்டில் நாளொன்றுக்கு 40,000 வண்டிகளுக்கும் குறைவாகவே போயின. ஆனால் பாலம் தன் வண்டிகளைத் தானே உண்டாக்கிக்கொண்டது. மேற்குக் கரையில் உள்ள ராக்லாண்ட் மாவட்டத்தில் 1950இல் சுமார் 89,000 பேர் வசித்தார்கள். 1970இல் சுமார் 2,30,000 பேர். தோட்டங்களும் பண்ணைகளும் மனைகளாகின. மேற்கே வீடு, கிழக்கே வேலை என்று ஒரு தலைமுறை வாழத் தொடங்கியது. கடைசிக் காலத்தில் நாளொன்றுக்குச் சராசரியாக 1,38,000 வண்டிகள் அந்தப் பாலத்தில் ஓடின. அது வடிவமைப்பாளர்கள் எதிர்பார்த்த அளவைக் கடந்த எண்ணிக்கை.

சுங்க வசூல் முறையும் இதற்கிடையில் மாறிக்கொண்டே வந்தது. 1970 முதல் இரு திசையிலும் வாங்குவதை விட்டு, நகரை நோக்கிப் போகும் வண்டிகளிடம் மட்டும், டாரிடவுன் பக்கச் சாவடியில், இரு மடங்காக வாங்கினார்கள். காலையில் போகிறவர் மாலையில் திரும்பியாக வேண்டும் என்ற நம்பிக்கையில் நிற்கும் ஏற்பாடு அது. சாவடியும் ஆளும் பாதி இருந்தால் போதும். 1993இல் த்ரூவே ஆணையம் ஈஸி பாஸ் என்னும் மின்னணு அட்டையை அறிமுகப்படுத்தியது.

வண்டி பெருகியபோது பாலத்தை அகலப்படுத்த வழியில்லை. ஆறு தடங்களாகப் பிறந்த பாலத்தில் ஏழாவது தடத்தை எப்படியோ திணித்தார்கள். 1990களில் வந்த நகரும் தடுப்புச் சுவர் அந்த ஏழு தடங்களைக் காலையும் மாலையும் பங்கிட்டது. அதை நெருங்கிப் பார்க்க வேண்டும். ஒவ்வொன்றும் ஏறத்தாழ ஒரு மீட்டர் நீளமுள்ள கான்கிரீட் கட்டைகள், ஊசி போட்டுக் கோத்த சங்கிலி போலப் பாலத்தின் நீளம் முழுக்கக் கிடக்கும். கட்டையின் தலைப்பகுதி ஆங்கில டி (T) எழுத்தின் வடிவில் இருக்கும். ஒரு மஞ்சள் நிறப் பெரிய வண்டி அந்தத் தலையைப் பற்றித் தூக்கி, தன் வயிற்றுக்கு அடியில் வளைத்துக் கடத்தி, பின்புறமாக ஒரு தடம் தள்ளி இறக்கிவைத்துக்கொண்டே போகும். வண்டி கடந்து போனதும் சுவர் இடம் மாறியிருக்கும்: நெரிசல் திசைக்கு நான்கு தடம், எதிர்த்திசைக்கு மூன்று. அருமையான ஏற்பாடுதான். ஆனால் ஓரத்தில் ஒதுங்க ஓர் அடி இடமில்லை. ஒரே ஒரு வண்டி டயர் வெடித்து நின்றாலும் இரு கரையிலும் மைல் கணக்கில் வரிசை நின்றுவிடும். உதவிக்கு வரும் வண்டியும் அந்த வரிசையிலேயே சிக்கிக்கொள்ளும்.

வசூலான பணம் எங்கே போனது என்பதைச் சொல்லாமல் இந்த வரலாறு முழுமை பெறாது. பாலத்தின் வருமானம் பாலத்துக்கென்று தனியாக எடுத்துவைக்கப்படவில்லை. 570 மைல் நீளமுள்ள த்ரூவே அமைப்பு முழுவதற்குமான பொதுப் பையில் சேர்ந்தது. அதுதான் டூயியின் திட்டமும் கூட. 1992இல் அந்தப் பைக்கு இன்னொரு பொறுப்பும் வந்து சேர்ந்தது. ஈரி கால்வாய் உள்ளிட்ட மாநிலத்தின் கால்வாய் அமைப்பைப் பராமரிக்கும் வேலை த்ரூவே ஆணையத்திடம் ஒப்படைக்கப்பட்டது. 2017 தொடக்கத்தில்தான் அது வேறொரு மாநில அமைப்புக்கு மாறியது. ஆக, கால் நூற்றாண்டுக் காலம் டாரிடவுன் சாவடியில் காசு கொடுத்தவர், நூற்றுக்கணக்கான மைல் தள்ளி உல்லாசப் படகுகள் போகும் மதகுகளின் பராமரிப்புக்கும் சேர்த்தே கொடுத்தார். கால்வாய்கள் காக்கப்பட வேண்டியவை என்பதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் தன் காலக்கெடுவை நெருங்கிக்கொண்டிருந்த ஒரு பாலத்தின் வசூல் அதற்கான இடமில்லை என்பதை வலியுறுத்திச் சொல்ல வேண்டும். மாற்றுப் பாலத்துக்கென ஒரு சேமிப்பு நிதி 1955 முதலே சேர்ந்திருந்தால், பின்னால் வந்த கதை வேறாக இருந்திருக்கும்.

ஐம்பது ஆண்டு 2005இல் முடிந்தது. அதற்கு முன்பே பாலம் நோயாளியாகிவிட்டது. பனிக்காலத்தில் கொட்டும் உப்பு, எஃகை அரித்தது. மேல்தளக் கான்கிரீட் சில இடங்களில் திடீரெனப் பெயர்ந்து விழுந்து ஓட்டையாகும். ஓட்டை வழியே கீழே ஆறு தெரியும். உடனே எஃகுத் தகடு போட்டு மூடுவார்கள், இரவில் தளத்தை மாற்றுவார்கள். 2007 ஆகஸ்ட் 1 அன்று மினியாபொலிஸ் நகரில் மிசிசிப்பி ஆற்றின் மேல் இருந்த ஒரு நெடுஞ்சாலைப் பாலம் மாலை நெரிசலில் இடிந்து விழுந்து 13 பேர் உயிரிழந்தார்கள். அதன் பிறகு டாப்பன் ஸீயில் காரோட்டியவர்களின் பேச்சு மாறிவிட்டது. இரண்டும் வடிவில் ஒன்றல்ல. ஆனால் முக்கியமான ஓர் உறுப்பு முறிந்தால் அதன் சுமையை ஏற்க மாற்று உறுப்பு இல்லை என்ற பலவீனம் இரண்டுக்கும் பொது. 1952இல் எஃகை எண்ணி எண்ணிப் போட்டதன் விளைவு அது.

அதே இடத்தில் இன்னொன்று

மாற்றுப் பாலத்தைப் பற்றிய பேச்சு பத்தாண்டுக்கும் மேலாக இழுத்தது. ரயில் பாதை சேர்க்கலாமா, பேருந்துத் தடம் போடலாமா, சுரங்கம் தோண்டலாமா என்று எத்தனையோ வரைவுகள் வந்து போயின. ஆனால் ஆற்றை ஒடுங்கிய இடத்தில் கடக்கலாமே என்ற யோசனைக்கு இடமே இல்லாமல் போயிருந்தது. இரு கரையிலும் சாலைகள், சந்திப்புகள், ஊர்கள் எல்லாம் பழைய பாலத்தின் முனைகளைச் சுற்றி ஐம்பது ஆண்டாக வளர்ந்து வேரூன்றிவிட்டன. 1950இல் ஒரு நிறுவனத்தின் எல்லைக்கோட்டைத் தவிர்க்க எடுத்த முடிவு, அந்தக் கோட்டின் பொருளே மறந்துபோன பிறகும், புதிய தலைமுறையின் கையைக் கட்டிப்போட்டது. புதிய பாலமும் மூன்று மைலைக் கடந்தாக வேண்டும்.

2011இல் மத்திய அரசு இதை விரைவு அனுமதித் திட்டங்களின் பட்டியலில் சேர்த்தது. அதே ஆண்டு டிசம்பரில், வடிவமைப்பையும் கட்டுமானத்தையும் ஒரே ஒப்பந்ததாரரிடம் ஒப்படைக்க வழிசெய்யும் சட்டம் மாநிலத்தில் நிறைவேறியது. 2012 டிசம்பரில் 314.2 கோடி டாலருக்கு ஒப்பந்தம் முடிவானது. திட்டத்தின் மொத்த மதிப்பீடு 398 கோடி டாலர். இதில் 160 கோடியை மத்திய அரசு நீண்ட காலக் கடனாகக் கொடுத்தது. பணத்துக்கு எவ்வளவு அலைந்தார்கள் என்பதற்கு ஓர் எடுத்துக்காட்டு: 2014இல் நீர்நிலைத் தூய்மைக்கான நிதியில் இருந்து 51.1 கோடி டாலர் கடன் எடுக்க மாநிலம் முயன்றது, அதில் 48.1 கோடிக்கான வேலைகள் தூய்மைப் பணி ஆகா என்று மத்தியச் சுற்றுச்சூழல் முகமை மறுத்துவிட்டது. 2012இல், அப்போது 5 டாலராக இருந்த சுங்கம் 14 டாலர் வரை உயர நேரலாம் என்று ஆளுநர் அலுவலகத்தில் இருந்து வந்த மதிப்பீடு பெரும் கொதிப்பைக் கிளப்ப, கட்டணம் பல ஆண்டுகளுக்கு உயர்த்தப்படாமல் நிறுத்திவைக்கப்பட்டது.

வடிவமைப்பில் புதிய பாலம் பழையதன் ஒவ்வொரு குறைக்கும் விடை சொல்கிறது. ஒன்றுக்குப் பதில் அருகருகே இரண்டு பாலங்கள்; ஒன்று பழுதானாலும் மற்றதில் போக்குவரத்து ஓடும். மொத்தம் எட்டுத் தடங்கள். கூடவே, பழையதில் இல்லவே இல்லாத, பழுதான வண்டி ஒதுங்குவதற்கான ஓரத்தடங்கள். முக்கியக் கண் 1,200 அடி. அதைத் தாங்குவது 419 அடி உயரமுள்ள எட்டுக் கோபுரங்களில் இருந்து சாய்வாக இறங்கும் 192 கம்பிவடங்கள். கோபுரங்கள் 5 பாகை வெளிப்புறம் சாய்ந்திருப்பதால் தூரத்தில் இருந்து பார்க்கும்போது விரித்த கைகள் போலத் தெரியும். மிதவைப் பெட்டியின் துணிச்சல் இம்முறை இல்லை. பெரிய எஃகுக் குழாய்ப் பைல்களை ஆழத்துக்கு அடித்தே அடித்தளம் அமைத்தார்கள். பெருத்த பழுதுபார்ப்பு எதுவும் இல்லாமல் 100 ஆண்டு நிற்க வேண்டும் என்பது நிபந்தனை.

பைல் அடித்தபோது ஆற்றில் நடந்த ஒரு காரியத்தை இங்கே குறிப்பிட விரும்புகிறேன். ஹட்சனில் வாழும் ஸ்டர்ஜன் மீன்கள் அழிவின் விளிம்பில் உள்ளவை. பைல் மேல் சுத்தியல் இறங்கும்போது நீருக்குள் பரவும் அதிர்ச்சி, மீனின் காற்றுப்பையைச் சிதைத்துவிடும். ஆகவே பைலைச் சுற்றித் துளையிட்ட வளையங்களைப் போட்டு, அவற்றின் வழியே காற்றைச் செலுத்தினார்கள். நீர்க்குமிழிகள் பைலைச் சுற்றித் திரை போல எழும்ப, ஒலி அந்தத் திரையில் சிதறி வலுவிழந்தது. 1952இல் இப்படி ஒரு கேள்வியை எழுப்பவே யாரும் இருந்திருக்கமாட்டார்கள்.

முதல் பாலம் 2017 ஆகஸ்டில் போக்குவரத்துக்குத் திறந்தது. அக்டோபரில் பழைய பாலம் ஓய்வு பெற்றது. ஆளுநர் ஆண்ட்ரூ குவோமோ தன் தந்தையும் முன்னாள் ஆளுநருமான மரியோ குவோமோவின் பெயரைப் புதிய பாலத்துக்கு வைத்தார். ஊரார் நாவில் இன்றும் டாப்பன் ஸீ என்ற பெயரே புழங்குகிறது. இரண்டாவது பாலத்தின் திறப்பு விழா 2018 செப்டம்பர் 7 அன்று நடந்து முடிந்த கையோடு, பக்கத்தில் பாதி பிரித்துப் போட்டிருந்த பழைய பாலத்தில் இருந்து பெருத்த சத்தம் கேட்டது. ஓர் இணைப்பு விட்டுப்போயிருந்தது. அந்தப் பகுதி புதிய பாலத்தை ஒட்டிச் சரியுமோ என்ற அச்சத்தில் வண்டிகளை விடுவதைத் தள்ளிவைத்து, 11ஆம் தேதிதான் திறந்தார்கள். ஆள் ஏறிப் பிரிப்பது ஆபத்து என்று ஆகிவிட்ட கிழக்குப் பகுதியை, ஆற்றடியில் முன்கூட்டியே சங்கிலிகளைப் பரப்பிவைத்து, 2019 ஜனவரி 15 அன்று வெடிவைத்து ஆற்றில் வீழ்த்தினார்கள். சில நொடிகளில் அது முடிந்தது. விழுந்த எஃகைப் பிறகு அதே சங்கிலிகளைக் கொண்டு மேலே தூக்கி எடுத்தார்கள். பழைய பாலத்தின் வேறு பல துண்டுகள், லாங் ஐலண்ட் தீவை ஒட்டிய கடலில் மீன்கள் ஒதுங்கும் செயற்கைத் திட்டுகளாக இறக்கப்பட்டன.

டாரிடவுன் சாவடியும் இன்று இல்லை. 2016 ஏப்ரலில் ரொக்க வசூல் நிறுத்தப்பட்டது. ஈஸி பாஸ் இல்லாத வண்டியின் எண் பலகையைப் படம் பிடித்து, வீட்டுக்குக் கட்டணச் சீட்டு அனுப்புகிறார்கள். அந்தக் கருவிகள் பொருத்திய வளைவு எதிர்க்கரையில், சவுத் நயாக்கில் நிற்கிறது. 1950களில் பாலத்துக்கும் நெடுஞ்சாலைக்கும் வழிவிடுவதற்காகக் கடைத்தெருவோடு சேர்த்துத் தன் நூற்றுக்கும் மேற்பட்ட வீடுகளை இழந்த சிற்றூர் அது. தனி ஊராட்சியை நடத்திக்கொண்டு போக முடியாது என்று ஊரார் 2020 டிசம்பரில் வாக்களித்ததன்படி, 2022 மார்ச் 31 அன்று சவுத் நயாக் தன் தனி நிர்வாகத்தைக் கலைத்துக்கொண்டு ஆரஞ்ச்டவுன் நகராட்சியோடு இணைந்துவிட்டது.